மறுபடி கையெழுத்துப் போட வந்தவன்

சிங்கப்பூரின் துவாஸில் கட்டடச் சாரம் சரிந்து செத்துப்போன தொழிலாளி மருதப்பன், தேக்கா சந்தைக்குப் பக்கத்து மாடியில் இருந்த வழக்கறிஞர் ஜெனிவீவின் அறைக்குள் வந்து உட்கார்ந்தபோது, அவளுக்குப் பேயைவிடத் தன் புத்தியின் மேல்தான் பயம் வந்தது.

வேலைச் சீருடை, மடியில் மஞ்சள் தலைக்கவசம். உயிரோடு வந்த நாளில் செய்தது போலவே வேலை அனுமதி அட்டையை மேசைமேல் வைத்தான். அட்டை மேசையைத் தொட்ட சத்தமே இல்லை.

"என் கையெழுத்து செல்லாதுன்னு பேசிக்கிறாங்க மேடம். திரும்ப ஒரு தடவ போட்டுடறேன்" என்றான்.

பேனாவை எடுக்கப் போனான். பேனா கிடந்த இடத்திலேயே கிடந்தது. அவன் தன் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தான்.

போன வருடம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவன் முதன்முதலாக வந்திருந்தான். ஊரில் வீட்டை எதிர்த்துக் கோயிலில் தாலி கட்டிய கல்யாணம், பதிவு செய்யவில்லை. தனக்கு ஏதாவது ஆனால் அண்ணன்மார் அப்படியொரு கல்யாணமே நடக்கவில்லை என்று சொல்லிவிடுவார்கள் என்று பயந்தான். அன்னக்கொடி என் மனைவி, அவள் வயிற்றில் வளர்வது என் பிள்ளை என்று உறுதிமொழி எழுதி, நாக்கின் நுனி வெளியே தெரிய அழுத்தி அழுத்திக் கையெழுத்துப் போட்டான். ஜெனிவீவ் நோட்டரி என்ற முறையில் முத்திரை வைத்தாள். காகிதம் ஊர் போய்ச் சேர்ந்த சில வாரங்களில் அவன் செத்தான். அண்ணன்மார் அவன் பயந்தபடியே சொன்னார்கள். இப்போது புதுக்கோட்டை நீதிமன்றத்தில் அன்னக்கொடியின் கையில் இருப்பது அந்த ஒரே காகிதம்தான்.

அந்தக் காகிதத்துக்குத்தான் இங்கே ஆபத்து வந்திருந்தது. ஜெனிவீவ் நோட்டரியான அதே ஆண்டு அந்தப் பதவிக்கு மனுப்போட்டுக் கிடைக்காத வழக்கறிஞன் லியோனல், நியமன வாரியத்தின்மேல் வழக்குப் போட்டுவிட்டான். இத்தனை ஆண்டு தொழில் நடத்தியிருந்தால்தான் பதவி, ஜெனிவீவ் நடுவில் ஓராண்டு தொழிலே நடத்தவில்லை, கணக்குக் குறைகிறது, ஆகவே அவளை நியமித்ததே தப்பு என்பது அவன் வாதம். வயிற்றெரிச்சலில் போட்ட வழக்குதான். ஆனால் அவன் சொன்னது உண்மை. அதுதான் அவளை அறுத்தது.

அந்த ஓராண்டும் அவள் உரிமக் கட்டணம் கட்டியிருந்தாள், கதவில் பெயர்ப்பலகை தொங்கியது. ஆள் மட்டும் புவாங்கோக் மனநல மருத்துவமனையில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். மகள் மேற்படிப்புக்குப் பெர்த் போயிருக்கிறாள் என்று அவள் அம்மா மாதா கோயிலில் ஒரே போடாகப் போட்டுவைத்திருந்தார். இன்றுவரை அதை யாரும் கிளறவில்லை.

அவளுக்காக வாதாடும் தோழி நிரஞ்சனா ஒரு வழி சொன்னாள்.

"ரெண்டு தரப்பும் ஒத்துக்கிட்டோம்னு கன்சென்ட் ஆர்டர் வாங்கிடலாம் ஜென். நியமனம் ஆரம்பத்துலேர்ந்தே செல்லாதுன்னு ஒத்துக்கோ. வாரியத்துக்கும் தலவலி மிச்சம். அந்த ஒரு வருஷம் எங்க இருந்தேன்னு ஒருத்தரும் கேக்க மாட்டாங்க லா."

அப்படியானால் நான் முத்திரை வைத்த காகிதங்கள் என்று இழுத்தாள் ஜெனிவீவ். அவையும் செல்லாமல் போகும் என்று கோப்பியைக் கலக்கிக்கொண்டே சொன்னாள் நிரஞ்சனா. தகுதி இருப்பதாக மனதார நம்பித்தான் பதவியை ஏற்றாள் என்று நிரூபித்தால், பதவி போனாலும் காகிதங்கள் பிழைக்கலாம்; ஆனால் அதற்குக் கூண்டேறி அந்த ஓராண்டைப் பற்றிச் சொல்லியாக வேண்டும் என்றாள்.

நியமனம் செல்லாதென்றே ஒத்துக்கொள்வதாக ஜெனிவீவ் சொல்லிவிட்டு வந்தாள். அன்று மாலைதான் மருதப்பன் வந்தான்.

பிறகு தினமும் வந்தான். அவளுடைய குவீன்ஸ்டவுன் வீட்டு மின்தூக்கியில் சிமெண்டு வாடை அடித்தது. ஞாயிறு பூசையில் பின்வரிசையில் தலைக்கவசத்தோடு உட்கார்ந்திருந்தான். பழைய மாத்திரைகளைத் தேடி எடுத்து விழுங்கிப் பார்த்தாள். தூக்கம் வந்தது, அவன் போகவில்லை. யாரிடம் சொல்வது? செத்தவன் கையெழுத்துப் போட வருகிறான் என்று வாயைத் திறந்தால் மறுபடி புவாங்கோக்தான்.

அலுவலக உதவியாளர் அமலா அந்த நாட்களில் மாலைதோறும் ஈரத்துணியால் எதிர் நாற்காலியைத் துடைத்துவிட்டு, மின்விசிறியை அதன் பக்கம் திருப்பி வைத்துவிட்டுப் போவாள். ஜெனிவீவ் அவளிடமும் சொல்லவில்லை.

ஒப்புதலில் கையெழுத்திடவிருந்த நாளன்று ஊரிலிருந்து அன்னக்கொடி கூப்பிட்டாள். வழக்குச் சேதி அண்ணன்மார் காதுக்கும் எட்டியிருந்தது.

"அந்தக் கையெழுத்து செல்லாதுங்கறாங்களேம்மா. பொண்ணுக்கு அப்படியே அவரு மூக்கும்மா."

ஜெனிவீவ் தொலைபேசியைக் காதில் அழுத்திக்கொண்டாள். எதிரே மருதப்பன் தொலைபேசியையே பார்த்துக்கொண்டிருந்தான். செத்தவன் முகத்தில் அவ்வளவு ஏக்கம் இருக்கும் என்று அவள் நினைத்ததே இல்லை.

அவள் அந்த ஒப்புதலில் கையெழுத்துப் போடவில்லை; கூண்டேறினாள். லியோனலின் வழக்கறிஞர் அந்த ஓராண்டு எங்கே இருந்தீர்கள் என்று கேட்டார். மாதா கோயில் ஆட்கள் சிலரும் அமலாவும் பார்வையாளர் வரிசையில் இருந்தார்கள். கடைசி இருக்கையில் மருதப்பன். புவாங்கோக்கில் நோயாளியாக இருந்தேன், உரிமம் இருந்ததால் அந்த ஆண்டும் கணக்கில் சேரும் என்று நம்பினேன், வாரியமும் கேட்கவில்லை, நானும் மறைக்க நினைக்கவில்லை என்று ஜெனிவீவ் உரக்கச் சொன்னாள். யாரோ இருமினார்கள். லியோனல் தலையைக் குனிந்துகொண்டான்.

தீர்ப்பு சில வாரங்களில் வந்தது. நியமனம் தீர்ப்பு நாளிலிருந்து ரத்து. அதற்கு முன் அவள் முத்திரை வைத்தவை அத்தனையும் செல்லும்.

முத்திரையை ஒப்படைத்துவிட்டு அறைக்குத் திரும்பியபோது அவன் காத்திருந்தான்.

"உங்க கையெழுத்து செல்லும் மருதப்பன். திரும்பப் போட வேணாம். வீட்டுக்குப் போங்க" என்றாள்.

அவன் அட்டையை எடுத்துச் சட்டைப்பைக்குள் வைத்தான். தலைக்கவசத்தை மாட்டிக்கொண்டு படியிறங்கினான்.

மறுநாள் மாலை அமலா ஈரத்துணியோடு வந்தாள். எதிர் நாற்காலியை விரலால் தடவிப் பார்த்தாள். வழக்கமாக ஒட்டும் சிமெண்டுத் தூசி அன்று விரலில் ஒட்டவில்லை.

"அவரு இனிமே வர மாட்டாரா மேடம்?"

ஜெனிவீவ் நிமிர்ந்து பார்த்தாள்.

"வெயில்ல வேல செஞ்ச மனுஷன்னுதான் ஃபேன திருப்பி வெப்பேன்" என்றாள் அமலா. "சொன்னா என்னயப் பைத்தியம்னுடுவீங்கன்னு பயமா இருந்துச்சு. அன்னிக்குக் கோர்ட்டுல நீங்க பேசினதக் கேட்டப்புறம்தான் தைரியம் வந்துச்சு."

ஜெனிவீவ் மேசையில் தலையைச் சாய்த்து அழுதாள். அமலா துணியைக் கீழே வைத்துவிட்டு அந்த நாற்காலியிலேயே உட்கார்ந்தாள்.