வெள்ளிக்கிழமை விளக்கைப் போடுபவருக்கு

1.

இந்தக் கதையை நான் கஸ்பர் அண்ணையிடமிருந்து எடுத்தேன். கேட்டு எடுக்கவில்லை. லண்டன் நோர்பரியில் ஞாயிறு பூசை முடிந்து தேநீர் குடிக்கும்போது அவர் அழுதழுது சொன்னார். நான் அவர் முதுகைத் தடவிக்கொண்டே மனதுக்குள் முதல் வரியை எழுதிவிட்டேன். எழுதுகிறவன் புத்தி, சீ!

அந்த வரி:

"இருபத்தேழு ஆண்டுப் பகைக்குப் பின் இரு அரசுகளும் கைகுலுக்கிய அந்தப் பொன்னான காலையில், லண்டன் வானம்..."

(வேண்டாம். வானம் என்ன பாவம் செய்தது?)

2.

நேராகவே சொல்கிறேன். பிரித்தானியாவுக்கும் இன்னொரு நாட்டுக்கும் (பெயர் கேட்காதீர்கள், கதைக்காக நான் கட்டிய நாடு) உறவு முறிந்து, லண்டனில் இருந்த அதன் தூதரகத்தை ஒரே வாரத்தில் பூட்டினார்கள். கட்டடத்தைப் பார்க்கும் பொறுப்பு மூன்றாம் நாடொன்றிடம் போனது. அவர்கள் வைத்த காவலாளிதான் கஸ்பர் அண்ணை. மன்னாரிலிருந்து அகதியாக வந்து, அப்போதுதான் விசா கிடைத்தவர்.

வெள்ளிக்கிழமைதோறும் போவார். விளக்கைப் போடுவார், குழாய்களைத் திறந்துவிடுவார், கதவடியில் விழுந்துகிடக்கும் கடிதங்களைப் பொறுக்கிச் சாக்கில் போடுவார். பிரிக்கக் கூடாது, பதில் போடக் கூடாது என்பது உத்தரவு.

போன மாதம் உறவு திரும்பியது. கொடி ஏறியது. புதிய தூதர் சாக்குகளை அவிழ்த்து எல்லாவற்றையும் வாசிக்கச் சொன்னார். வருடத்துக்கு ஒன்றாக, ஒரே கையெழுத்தில் பத்தொன்பது கடிதங்கள் இருந்தன. உறையில் தூதரகத்தின் பெயர். உள்ளே, முதல் வரியில், "வெள்ளிக்கிழமை விளக்கைப் போடுபவருக்கு."

"எனக்கு எழுதினது, மாஸ்ரர்," என்றார் கஸ்பர் அண்ணை. "பத்தொன்பதும் எனக்கு."

3.

எழுதியவள் லண்டன் கோலியர்ஸ் வுட்டில் இருந்த, அந்த நாட்டுத் தாய் ஒருத்தி. மகனின் பாஸ்போர்ட்டைப் புதுப்பிக்கக் கொடுத்த வாரம் தூதரகம் பூட்டப்பட்டது. அந்தக் குளிர்காலத்தில் மகன் இறந்துபோனான். அவனுடைய வளர்ந்த முகம் அந்தப் பாஸ்போர்ட் படத்தில் மட்டும்தான் இருந்தது. மேசை லாச்சியை இழுத்துப் பார்த்து எடுத்து, கடிதம் போடும் துவாரத்தால் வெளியே தள்ளிவிடுங்கள் என்று கேட்டிருந்தாள். பிந்திய கடிதங்களில் பாஸ்போர்ட்டும் வேண்டாம், படத்தைக் கிழித்துத் தந்தால் போதும் என்றாள். கடைசிக் கடிதம் வந்து எட்டு வருடம்.

"லாச்சி பூட்டியும் இருக்கேல்லை. அந்த மேசையிலதான் நான் சாப்பாட்டுப் பெட்டியை வைக்கிறனான்," என்றார் அண்ணை.

(இந்த இடத்தில் அவரைக் கொஞ்சம் கோழையாக்கினால் கதை நிமிரும் என்று இரண்டு பந்தி எழுதினேன். அடித்துவிட்டேன். காரணம் அடுத்தது.)

4.

இதை அடிக்குறிப்பாக ஒளிக்கப் பார்த்தேன், மனம் விடவில்லை.

நான் இங்கே சனங்களுக்குப் படிவம் நிரப்பிக் கொடுக்கிறவன். கவுன்சில், பெனிபிட் உதவிப்பணம், விசா, எந்தக் கடிதம் வந்தாலும் என்னிடம்தான் வருவார்கள். அதனால் மாஸ்ரர் என்று பெயர். ஒரு நாளும் படிப்பித்ததில்லை. பல வருடங்களுக்கு முன், அவளுடைய இரண்டாவது கடிதத்தோடு கஸ்பர் அண்ணையும் வந்தார்.

"போன வருசமும் இதே கையெழுத்து, மாஸ்ரர். பிரிச்சுப் பாக்கட்டோ?"

நான் யாருடையதோ படிவத்திலிருந்து தலை நிமிராமல் சொன்னேன்: "தேவையில்லாத வேலை, அண்ணை. அரசாங்கக் கடிதத்தில கை வைச்சால் உங்கட விசாவுக்குத்தான் ஆபத்து. பேசாமல் சாக்கில போடுங்கோ."

"ஓம், நீங்கள் சொன்னால் சரி."

அதற்குப் பிறகு பதினேழு கடிதங்கள் வந்தன.

5.

முடிவு ஒன்று: கதவைத் திறக்கும் முதியவள் படத்தை வாங்கி...

முடிவு இரண்டு: அந்த வீட்டில் இப்போது வேறு யாரோ...

இரண்டையும் எழுத எனக்கு யோக்கியதை இல்லை. முதலாவது எனக்கு நானே கொடுக்கும் மன்னிப்பு. இரண்டாவது எனக்கு நானே கொடுக்கும் தண்டனை. அவளுக்கு இரண்டிலும் ஒன்றுமில்லை.

நடந்தது இவ்வளவுதான். அன்று கஸ்பர் அண்ணை கோப்பையை வைத்துவிட்டுக் கேட்டார்: "தூதர் பாஸ்போர்ட்டைத் தந்திட்டார். நாளைக்குப் போறன். எனக்கு இங்கிலீசு தடக்கும். நீங்களும் வாறியளோ?"

பழைய பேச்சை அவர் எடுக்கவே இல்லை. எடுத்திருந்தால் போயிருப்பேனோ என்னவோ.

"ஏலாது, அண்ணை. ஒரு கதை முடிக்கவேணும்."

ஆறு நாளாகிறது. அவர் எனக்குப் போன் எடுக்கவில்லை, நானும் அவருக்கு எடுக்கவில்லை. வீடு கோலியர்ஸ் வுட் நிலையத்திலிருந்து ஏழு நிமிட நடை. வாசகரே, நீங்கள் போய் மணியை அடியுங்கள். அவள் இருந்தால், விளக்கைப் போட்டவரில் பிழையில்லை என்று சொல்லுங்கள். பிரிக்க வேண்டாம் என்று சொன்னவன் நான் என்றும் சொல்லுங்கள்.