தூக்கத்தைப் பங்கிட்டவள்

அந்தப் பள்ளி நூலகருக்கு வயது நாற்பத்தேழு. ஆறு வருஷமாக ஓர் ஆய்வேடு எழுதிக்கொண்டிருந்தாள். முதல் இரண்டு வருஷம் சக ஆசிரியர்கள் "எப்ப டாக்டர் ஆகப்போறீங்க?" என்று கேட்டார்கள். பிறகு கேட்பது குறைந்தது. கடைசியில், வீட்டில் கல்யாணம் தள்ளிப்போகும் பிள்ளையைப் பற்றிப் பேசாமல் இருப்பதுபோல, அந்தப் பேச்சையே எடுக்காமல் விட்டார்கள்.

இன்றைக்கு எழுதப்படும் மாயக் கற்பனைக் கதைகள் பழைய தொன்மங்களிடமிருந்து எதை வாங்கிக்கொள்கின்றன, எதைக் கழித்துவிடுகின்றன என்பதுதான் அவளுடைய தலைப்பு. முதல் ஐந்து இயல்களும் மற்றவர்கள் எழுதிய புத்தகங்களை வைத்து எழுதியவை. ஆறாவது இயல் அவள் காதால் கேட்ட ஒரு கதையைப் பற்றியது. அதுவரை எந்தத் தொகுப்பிலும் வராத கதை. அந்த இயலை நினைத்தாலே அவளுக்கு நடை கொஞ்சம் நிமிர்ந்துவிடும்.

அந்தக் கதை அவளுக்குக் கிடைத்தது ஆஸ்பத்திரியில். கணவர் மாடிப்படியில் சறுக்கிக் காலை ஒடித்துக்கொண்டு பதினெட்டு நாள் படுத்திருந்தார். எலும்பு வார்டுக்கு எதிரே குழந்தைகள் வார்டு. தாழ்வாரத்தின் கோடியில் துணி அறை. படுக்கை விரிப்பு, திரைச்சீலை, நோயாளிகளின் மேலங்கி எல்லாம் கிழிந்தால் அங்கேதான் தைப்பார்கள். அங்கே வேலை செய்த தையல்காரி ஐம்பதைத் தொட்டவள், நெட்டையான பெண். தினமும் பதினோரு மணிக்கு டீ இடைவேளையில் குழந்தைகள் வார்டுக்குள் போய் ஒரு கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்துகொள்வாள். மூச்சு இழுப்பினால் தூங்கவே முடியாத ஐந்து வயதுப் பெண் குழந்தைக்குக் கதை சொல்வாள். வெந்நீர் வாங்கப் போன நூலகர், ஃபிளாஸ்க்கைக் கையில் வைத்துக்கொண்டே வாசலில் நின்றுவிட்டாள்.

உலகத்துக்கு வரும் வழியில் ஒரு வாசல் இருக்கிறதாம். அங்கே ஒரு காவல்காரன். பிறக்கப்போகும் ஒவ்வொரு குழந்தைக்கும் ஒரு துண்டு தூக்கத்தை மடித்துக் கையில் கொடுத்து அனுப்புவானாம். ஒருநாள் ஒரு குழந்தைக்குக் கொடுக்க மறந்துவிட்டான். அது பிறந்த நாளிலிருந்து கண்ணை மூடவில்லை. தாய் அதைத் தோளில் போட்டுக்கொண்டு நடந்தே அந்த வாசலுக்குப் போனாள். "மிச்சம் எதுவும் இல்லம்மா, வந்தவங்களுக்கு மட்டும்தான் அளவெடுத்து வைப்போம்" என்றான் காவல்காரன். அப்படியானால் என்னுடையதை வெட்டு என்றாள் தாய். அவன் அவளுடைய தூக்கத்தை விரித்து, மடித்து, சரிபாதியாக வெட்டினான். பிரியாமல் இருக்க ஓரம் அடித்துக் குழந்தையின் மேல் போர்த்தினான். அன்றிலிருந்து குழந்தைகள் அடித்துப் போட்டாற்போலத் தூங்குகின்றன. தாய்மார்கள் பாதித் தூக்கம்தான் தூங்குகிறார்கள். தொட்டிலில் ஒரு முனகல் கேட்டால் போதும், எழுந்துவிடுகிறார்கள்.

"அக்கா, இந்தக் கதையை உங்களுக்கு யார் சொன்னாங்க?" என்று நூலகர் தாழ்வாரத்தில் வழிமறித்துக் கேட்டாள்.

தையல்காரி அவள் கையிலிருந்த நோட்டைப் பார்த்தாள். "எங்க அத்தை மேடம். அவங்களுக்கு அவங்க அத்தை."

நூலகர் அதை அப்படியே எழுதிக்கொண்டாள். கணவர் வீடு திரும்பிய பிறகும் மாதம் ஒருமுறை துணி அறைக்குப் போய்வந்தாள். ஒவ்வொரு சொல்லையும் பதிவு செய்தாள். இரண்டு வருஷத்தில் எழுபது பக்கம் எழுதினாள். ஓரம் அடிப்பது என்ற செயல் இந்த உலகத்துக்கும் அந்த உலகத்துக்கும் நடுவே போடப்படும் எல்லைக்கோடு என்று அதில் நாலு பக்கம் இருந்தது.

ஆய்வேட்டை ஒப்படைக்க இரண்டு மாதம் இருந்தபோது வழிகாட்டிப் பேராசிரியர் ஒரு சிறிய வேலை சொன்னார். "கதை ஒரே ஒருத்தர் வாய்மொழியா இருக்கு. அந்த அத்தை இருக்காங்கல்ல, அவங்ககிட்டயும் ஒரு தடவை கேட்டுப் பதிவு பண்ணிடுங்க. தேர்வாளர் முதல்ல அதைத்தான் பிடிப்பார்."

தையல்காரியிடம் கேட்டபோது அத்தைக்கு உடம்பு சரியில்லை என்றாள். அடுத்த வாரம் அத்தை ஊரில் இல்லை என்றாள். அதற்கடுத்த முறை அத்தைக்கு ஞாபகம் தப்பிப்போனது. நாள் நெருங்க நெருங்க நூலகருக்கு இருப்புக்கொள்ளவில்லை. பழைய தபால் நிலையத்துக்கு மேல் மாடியில் அத்தை குடியிருப்பதாக எப்போதோ பேச்சுவாக்கில் காதில் விழுந்திருந்தது. ஒரு சனிக்கிழமை காலை அவளே படியேறிக் கதவைத் தட்டினாள்.

கதவைத் திறந்த அத்தைக்கு எண்பது வயது. ஞாபகமெல்லாம் கூர்மையாகத்தான் இருந்தது. தொலைபேசி இணைப்பகத்தில் முப்பத்திரண்டு வருஷம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். வந்த விஷயத்தைக் கேட்டுவிட்டு நூலகரை மேலும் கீழும் பார்த்தாள்.

"கதையா? நானா? ஏம்மா, முப்பது வருஷம் ஊரார் பேச்சைக் கேட்டுக் கேட்டுக் காது புளிச்சுப்போய் உட்கார்ந்திருக்கேன். வீட்டுக்கு வந்தா எவளாவது வாயைத் திறந்தாலே எரிஞ்சு விழுவேன். இவளையும் சேர்த்துத்தான். அவ சின்ன வயசுல என்கிட்ட வந்து கேட்டது வசவு மட்டும்தான்."

"உங்க அத்தை யாராவது..."

"எனக்கு அத்தையே கிடையாது."

நூலகர் படி இறங்கி வந்தாள். கால்கள் தாமாகவே ஆஸ்பத்திரிப் பக்கம் நடந்தன. துணி அறையில் தையல்காரி திரைச்சீலை ஒன்றின் ஓரத்தை இயந்திரத்தில் ஓட்டிக்கொண்டிருந்தாள். வந்தவளின் முகத்தைப் பார்த்ததும் மிதிபலகையிலிருந்து காலை எடுத்துவிட்டாள்.

"அத்தையைப் பார்த்துட்டீங்களா?"

"பார்த்தேன். ஏன்க்கா பொய் சொன்னீங்க? ரெண்டு வருஷம். எழுபது பக்கம்."

தையல்காரி துணியில் ஒட்டியிருந்த நூலைப் பிய்த்து எடுத்தாள். "அன்னைக்கு நீங்க நோட்டைத் திறந்து வச்சுக்கிட்டு நின்னீங்க. யார் சொன்னாங்கன்னு கேட்டீங்க. நானே கட்டினதுன்னு சொல்லியிருந்தா என்ன பண்ணியிருப்பீங்க மேடம்?"

நூலகர் நோட்டை மூடிவிட்டு வெந்நீர் வாங்கப் போயிருப்பாள். அது இருவருக்கும் தெரிந்தது.

"என் பொண்ணுக்கும் சின்ன வயசுல அந்த மாதிரிதான் இழுப்பு," என்றாள் தையல்காரி. "மூணு வருஷம். நான் மட்டும் ஏன் தூங்க மாட்டேங்கிறேன்னு கேட்பா. டாக்டர் சொன்ன காரணம் அவளுக்குப் புரியல. எனக்கும்தான். தைக்கிற வேலைக்காரி என்னத்தைச் சொல்லுவேன், கையில இருந்ததை வச்சு ஒண்ணைக் கட்டினேன். அவ கேட்டுட்டு, அப்ப உனக்குப் பாதி போதுமாம்மான்னு கேட்டா. போதும்னேன். இப்ப நல்லா இருக்கா. வேற ஊர்ல வேலை பார்க்கிறா. குறட்டையே விடுறாளாம்."

"அந்த ஓரம் அடிக்கிறது..." என்றாள் நூலகர் மெல்ல. "அதுக்கு நாலு பக்கம் எழுதியிருக்கேன்க்கா."

"நாலு பக்கமா? ஓரம் அடிக்கலைன்னா பிரிஞ்சுடும் மேடம். அதான்."

நூலகருக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. கோபம் மட்டும் வருவேனா என்றது. போய்வருகிறேன் என்றுகூடச் சொல்லாமல் கிளம்பினாள்.

பேராசிரியர் நடந்ததைக் கேட்டு மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நல்ல மனிதர். அவருக்கும் ஓய்வு பெற இரண்டு வருஷம்தான் இருந்தது. "அந்த இயலை எடுத்துடுங்க. மத்த அஞ்சும் திடமா இருக்கு. பட்டம் கிடைச்சுடும். யாரும் ஒண்ணும் கேட்கப்போறதில்லை."

வீட்டில் கணவரும் அதையே சொன்னார். "ஆறு வருஷம் ஆச்சு. எடுத்து எறிஞ்சுட்டு நிம்மதியா இரேன்."

அவள் எடுத்துவிடத்தான் நினைத்தாள். எடுக்கும் முன்னால் தையல்காரியிடம் முகம் கொடுத்து ஒரு வார்த்தை சொல்லிவிட வேண்டும் என்று செவ்வாய்க்கிழமை அரைநாள் விடுப்புப் போட்டு ஆஸ்பத்திரிக்குப் போனாள். துணி அறை பூட்டியிருந்தது. சாப்பாட்டு நேரம். குழந்தைகள் வார்டுக்கு வெளியே இருந்த பெஞ்சில் உட்கார்ந்தாள். உள்ளே ஓர் ஆயா, வேலைக்குப் புதிதாகச் சேர்ந்தவள், ஒரு குழந்தைக்குத் தலை வாரிவிட்டபடி பேசிக்கொண்டிருந்தாள்.

"...அந்த வாசல்காரனுக்குக் கண்ணு தெரியாது. கையால தடவித் தடவித்தான் பார்ப்பான். இந்தப் பாப்பா ரொம்பப் பொடிசா இருந்ததால கைக்கு அகப்படல. அதான் தூக்கம் கொடுக்காம விட்டுட்டான்..."

நூலகர் எழுந்து உள்ளே போனாள். "இந்தக் கதை உங்களுக்கு யாரும்மா சொன்னாங்க?"

"இதா? எங்க பக்கம் எல்லாரும் சொல்றதுதான் மேடம். ரொம்பப் பழைய கதை."

"இங்க ஆஸ்பத்திரியில யாராவது சொல்லிக் கேட்டீங்களா?"

ஆயா யோசித்தாள். "போன வருஷம் என் தங்கச்சி பிள்ளையை இங்க சேர்த்திருந்தோம். அவதான் வீட்டுக்கு வந்து சொன்னான்னு நினைக்கிறேன். இல்ல, அதுக்கு முன்னாடியே தெரியுமோ என்னமோ. பழைய கதைதான்."

நூலகர் அன்று மாலை வரை அந்த வார்டை விட்டு நகரவில்லை. அடுத்த பத்து நாளில் ஆறு வார்டுகளிலும் வெளியே டீக்கடையிலும் விசாரித்தாள். பதினொரு பேருக்கு அந்தக் கதை தெரிந்திருந்தது. ஒன்பது பேர் அது பரம்பரையாக வந்தது என்று அடித்துச் சொன்னார்கள். ஒருவர் சொன்ன கதையில் தாய்க்குப் பதில் தகப்பன். இன்னொருத்தி தூக்கத்தை வெட்டியது கத்தரிக்கோலால் இல்லை, பல்லால் என்றாள். ஒரு கற்பனை எப்படித் தொன்மமாகிறது என்று புத்தகங்களில் எல்லாரும் ஊகித்துத்தான் எழுதியிருந்தார்கள். அது கண்ணெதிரே நடந்துகொண்டிருந்தது. கட்டியவள் யார் என்பதும் அவளுக்குத் தெரியும்.

துணி அறைக்குப் போய், யார் யார் எப்படியெல்லாம் மாற்றிச் சொன்னார்கள் என்று ஒன்றுவிடாமல் சொன்னாள். "அக்கா, உங்க கதை வர்ற இயலை நான் எடுத்துடப் போறதில்லை. திருப்பி எழுதப்போறேன். நீங்க கட்டினதுன்னு உங்க பேரைப் போட்டு."

"பொய் சொன்னதும் அதுல வருமா?"

"வரும். நான் கேட்ட கேள்வி தப்புங்கிறதும் வரும்."

தையல்காரி கொஞ்ச நேரம் இயந்திரத்தின் சக்கரத்தைக் கையால் முன்னும் பின்னும் உருட்டினாள். "கண்ணு தெரியாதவன்னு சொன்னது யாரு, அந்தப் புது ஆயாவா? எனக்குத் தோணாமப் போச்சே." பிறகு, "போட்டுக்கங்க மேடம். பேரை மட்டும் தப்பில்லாம எழுதுங்க. இங்க சம்பளச் சீட்டுல இருபது வருஷமா ஒரு எழுத்து விட்டுத்தான் வருது," என்றாள்.

கெடுவை எட்டு மாதம் தள்ளி வாங்கினாள். பேராசிரியர் முணுமுணுத்தார். ஆனால் புது இயலைப் படித்துவிட்டுக் காலையில் முதல் வேலையாகத் தொலைபேசியில் கூப்பிட்டார். "என் ஓய்வுக்கு முன்னால இப்படி ஒண்ணு படிச்சதே போதும்," என்றார்.

வாய்மொழித் தேர்வு நாளன்று அந்தச் சிறிய அரங்கில் இருபது பேர் இருந்தார்கள். கடைசி வரிசையில் தையல்காரி. ஆஸ்பத்திரியில் இரண்டு மணி நேரம் அனுமதி வாங்கிக்கொண்டு வந்திருந்தாள். வெளியூரிலிருந்து வந்திருந்த தேர்வாளர் கறாரான பெண்மணி. ஐந்து இயல்களையும் வேகமாகக் கடந்து ஆறாவதில் வந்து நின்றார்.

"ஒரு தனிப்பட்ட பெண் தன் மகளுக்காகக் கட்டின கதை. இதைத் தொன்மம்னு எப்படிச் சொல்றீங்க?"

"கட்டினப்போ அது தொன்மம் இல்லை," என்றாள் நூலகர். "கட்டினவங்க பேரை மறந்துட்டு, இது எங்களுதுன்னு மத்தவங்க சொல்ல ஆரம்பிச்சப்போதான் ஆச்சு. ஒரு பேரை மறக்கிறதுக்கு எவ்வளவு காலம் ஆகும்னு எனக்கு முன்னால தெரியாது. இந்த ஆஸ்பத்திரியில ரெண்டு வருஷம்கூட ஆகலை. நானே அந்த மறதிக்கு உதவி செஞ்சிருக்கேன். என் முதல் வரைவுல அவங்க பேர் இல்லை, தகவலாளர் எண் ஒண்ணுன்னுதான் இருந்தது."

தேர்வாளர் எழுதிக்கொண்டார். பிறகு தலையை நிமிர்த்தி, "கதையைக் கட்டினவங்க இங்க இருக்காங்களா?" என்று கேட்டார்.

தையல்காரி எழுந்து நின்றாள்.

"உட்காருங்கம்மா. ஒரே ஒரு சந்தேகம். அந்தக் காவல்காரன் ஏன் மறந்தான்? அவன் கெட்டவனா?"

"இல்லைங்க. அன்னைக்குக் கூட்டமா இருந்திருக்கும். எங்க துணி அறையிலயும் அப்படித்தான். நெரிசலான நாள்ல ஏதாவது ஒரு கட்டிலுக்கு விரிப்பு விட்டுப்போயிடும். வேணும்னு யாரும் செய்யறதில்லை."

அரங்கில் சிலர் சிரித்தார்கள். தேர்வாளர் சிரிக்கவில்லை. "கடவுளரைப் பற்றி இவ்வளவு கருணையா யாரும் எழுதி நான் படிச்சதில்லை," என்றார். சில திருத்தங்களைச் சொன்னார். நாலாம் இயலில் இரண்டு பகுதிகளைத் திரும்ப எழுதச் சொன்னார். பட்டத்துக்குப் பரிந்துரைப்பதாகச் சொல்லிக் கோப்பை மூடினார்.

பேராசிரியரும் மற்றவர்களும் கைகொடுத்து முடித்தபின் நூலகர் வெளியே ஓடிவந்தாள். தையல்காரி பேருந்து நிறுத்தத்தில் நின்றுகொண்டிருந்தாள். ஆய்வேட்டின் ஒரு படியை அவள் கையில் கொடுத்தாள் நூலகர். ஆறாம் இயலின் முதல் பக்கத்தில், "கதையைக் கட்டியவர்" என்ற சொற்களுக்குக் கீழே இருந்த பெயரைத் தையல்காரி விரல் வைத்து எழுத்து எழுத்தாகப் படித்தாள். ஒன்றும் விட்டுப்போகவில்லை. இன்னொரு முறை படித்தாள். பிறகு கைப்பையிலிருந்து செல்போனை எடுத்தாள்.

"ஏய், வேலையில இருக்கியா? ஒரு நிமிஷம் வெளிய வா... இல்லடி, ஒண்ணும் இல்ல, நல்லாத்தான் இருக்கேன். பெரிய படிப்புப் படிச்சவங்க எல்லாம் உட்கார்ந்து உன்னைப் பத்தித்தான் ஒரு மணி நேரமா பேசினாங்க... அட, திட்டலை... இரு, பக்கத்துல மேடம் இருக்காங்க, அவங்களே சொல்லுவாங்க."

போனை நூலகரிடம் நீட்டிவிட்டு, புத்தகத்தை மார்போடு அணைத்துக்கொண்டு, பேருந்து வருகிறதா என்று சாலையைப் பார்த்தாள்.