குளிர் வரும் ஓட்டை

பாத்ரூமில் வாளியைக் கவிழ்த்து அதன்மேல் ஏறி நின்று எக்ஸாஸ்ட் ஃபேனைக் கழற்றிக்கொண்டிருந்தான் சங்கிலி. கூடத்தில் அண்ணன் மூக்கனைக் கிடத்தியிருந்தார்கள். அழுகை ஓய்ந்து டீ கிளாஸ் சத்தம் கேட்டது.

பக்கத்துக் குவார்ட்டர்ஸ் ராஜகோபாலன் சால்வையோடு எட்டிப் பார்த்தார்.

"பாத்ரூம்ல எதுக்குய்யா ஃபேனு? ஈரக் கையோட ஸ்விட்சைத் தொட்டிருப்பான். டாக்டர் ஹார்ட்டுங்கறார். அச்சா, ஹார்ட் எதனால நின்னுது?"

சங்கிலி அடுத்த திருகாணிக்குப் போனான்.

காலையில் நைட் டூட்டி முடிந்து வந்த சங்கிலிதான் பாத்ரூம் கதவை உடைத்தான். அண்ணன் சுவரில் சாய்ந்து கிடந்தான். குளிருக்காக உள்ளே வைத்திருந்த அங்கீட்டி அடுப்பில் கரி இன்னும் சிவந்திருந்தது. இரண்டு மூச்சு இழுப்பதற்குள் சங்கிலிக்கே தலை சுற்றியது. நிமிர்ந்து பார்த்தான். ஃபேன் இறக்கைகளுக்கு நடுவே மதினியின் பழைய சேலை, விரல் நுழைய இடமில்லாமல் திணிக்கப்பட்டிருந்தது. கரி கக்கியதெல்லாம் வெளியேற வழியில்லாமல் அண்ணனுக்குள் போயிருக்கிறது.

யாரும் வருமுன் சேலையை உருவி ஸ்வெட்டருக்குள் செருகிக்கொண்டான். ஏன் என்று யோசிக்கவில்லை. யோசிக்கத் தெம்பில்லை.

தீபாவளிக்கு முன்னால் பாத்ரூம் மேல்ஜன்னல் கண்ணாடியை உடைத்துச் சங்கிலியே மாட்டிய ஃபேன் அது. கரி வைத்தால் கட்டாயம் போடு என்று சொல்லியிருந்தான். அண்ணன் சிரித்தான். "கரி வாங்கிச் சூடு பண்ணுவாங்களாம், அதை வெளிய தள்ள ஒரு மெஷினாம். போடா வெண்ணெ."

மதினி செங்கம்மாள் பாத்ரூம் வாசலில் வந்து நின்றாள். தலைமுடி அவிழ்ந்து கிடந்தது.

"உங்க அண்ணன் உனக்கு என்ன பாவம் பண்ணுச்சு தம்பி? எமனைக் கொண்டாந்து மாட்டிட்டுப் போயிருக்கியே!"

கூடத்தில் டீ கிளாஸ் சத்தம் நின்றது. எல்லோரும் அவனைப் பார்த்தார்கள். ஸ்வெட்டருக்குள் சேலை வயிற்றை அரித்தது. எடுத்துக் காட்டினால் போதும்.

"ஒயரிங் சரியில்ல மதினி. நான் பார்த்திருக்கணும்."

"நான் சொன்னேன்ல" என்றார் ராஜகோபாலன்.

நிகம்போத் சுடுகாட்டிலிருந்து திரும்பும்போது வெளிச்சம் மங்கியிருந்தது. சங்கிலி பச்சைத் தண்ணீரில் குளித்தான். ஃபேன் இருந்த சதுரத்தின் வழியாக ஜனவரி காற்று நேராக முதுகில் அடித்தது. உடுத்திக்கொண்டு வெளியே வந்தான். செங்கம்மாள் பாத்ரூம் வாசலையொட்டிக் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள்.

"அந்த ஓட்டையில எதையாச்சும் வச்சு அடைச்சிரு தம்பி. பிள்ளைகளுக்குக் குளிரும்."

"வேணாம் மதினி. திறந்தே கெடக்கட்டும்."

அவள் அந்தச் சதுரத்தையே பார்த்தாள்.

"அதுல ஒரு சேலை வச்சிருந்தேனே."

"நான் பார்க்கலையே."

அவள் பார்வை சதுரத்திலிருந்து கீழே இறங்கி அங்கீட்டியில் நின்றது. அவனை அவள் பார்க்கவில்லை. பின்கட்டில் யாரோ பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தார்கள்.

சங்கிலி திரும்பவும் உள்ளே போனான். மூலையில் அங்கீட்டி சாம்பலோடு ஆறிக் கிடந்தது. இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு வெளியே வந்தான்.

செங்கம்மாள் காலை மடக்கி வழிவிட்டாள்.