சீட்டு கேட்டவிதம்

தம்பி சோணைக்கு வயிறு பலகைபோல இறுகிக் கிடந்தது. தொட்டால் அலறினான். மதுரைப் பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோனால் அறுத்துப் பிழைக்கவைப்பார்கள். வண்டி பூட்டியாயிற்று. ஆனால் கிளம்ப முடியாது. எங்கள் சாதியில் பிறந்த ஆண்பிள்ளை வெள்ளைக்காரன் போட்ட ரேகைச் சட்டத்தில் பதிந்தவன். பொழுது சாய்ந்தால் போலீஸ் ஸ்டேஷனில் ஆஜராக வேண்டும். ஊரைத் தாண்டச் சப்-இன்ஸ்பெக்டர் கையெழுத்திட்ட சீட்டு வேண்டும். திருடியிருக்க வேண்டுமென்பதில்லை, பிறந்திருந்தால் போதும்.

"நீ போ தாயி," என்றார் என்னைப் பெற்ற அய்யா. "நாங்க கேட்டா நாய் மாதிரி நிக்க வச்சுருவாக. நீ பி.ஏ. படிச்சவ. இங்கிலீசுல கேளு, ஒடனே குடுத்துருவாக."

ஊரே அப்படித்தான் நம்பியிருந்தது. அதற்குத்தான் என்னைப் படிக்கவே வைத்தார்கள்.

சப்-இன்ஸ்பெக்டர் பசுபதி காப்பி ஆற்றிக்கொண்டிருந்தார். நான் ஆங்கிலத்தில் சொன்னேன்: என் தம்பி சாகக் கிடக்கிறான், சீட்டு வேண்டும், இப்போதே வேண்டும். தாழ்மையும் வணக்கமும் அதில் இல்லை. எங்கள் பக்கம் வேண்டியதை முதலில் கேட்டுவிடுவோம். சுற்றி வளைத்துப் பேசுகிறவனைத்தான் சந்தேகிப்போம்.

ஒரு மிடறு குடித்தார். "யூ ஆர் ப்ரஸ்க்," என்றார். பிறகு கான்ஸ்டபிள் முத்துக்கருப்பனிடம் திரும்பி, "பி.ஏ.வாம்ல? அந்த வார்த்தைக்கு அர்த்தம் தெரியுமான்னு கேளுய்யா," என்றார்.

"தெரியும்," என்றேன். "வெடுக்குன்னு பேசுறது. பிரெஞ்சுலருந்து இங்கிலீசுக்கு வந்துச்சு. பிரெஞ்சுக்காரன் இத்தாலிக்காரன்கிட்ட வாங்கினான். அங்க புளிப்புன்னு அர்த்தம். அந்தப் பேரு ஒரு முள்ளுச்செடியிலருந்து வந்ததுன்னும் சொல்றாக. கறிக்கடைக்காரன் வெட்டுக்கட்டையைக் கூட்ட அதுலதான் விளக்குமாறு கட்டுவானாம். போதுமா? சீட்டைக் குடுங்க."

முத்துக்கருப்பனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வாயைப் பொத்திக்கொண்டார். பசுபதியின் காது சிவந்தது.

"ஆளைப் பாக்காம சீட்டு கிடையாது. தூக்கிட்டு வா. ரேகை வைக்கட்டும்."

வாசல்வரை கூடவே வந்தார் முத்துக்கருப்பன். "ஏத்தா, எசமான்னு ஒரு வார்த்தை சொன்னா வாயில இருக்கிற முத்தா உதுந்துரும்?"

"நீங்க தெனம் சொல்றீகளே அண்ணே. உங்களுக்கு என்னத்தக் குடுத்தாக?"

அவர் தொப்பியைச் சரிசெய்துகொண்டு உள்ளே போனார்.

சோணையைக் கட்டிலோடு தூக்கி வந்து ஸ்டேஷன் வராந்தாவில் இறக்கினோம். பசுபதி உள்ளே டிபன் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். சாப்பிட்டார், கை கழுவினார், வெற்றிலை போட்டார். அவர் வெளியே வந்ததும் அய்யா நெடுஞ்சாண்கிடையாக அவர் காலில் விழுந்தார்.

"அறியாத புள்ள, எசமான். படிப்பு கெடுத்துருச்சு. மனசுல வச்சுக்கிறாதிக."

"எந்திரி பேயாண்டி. நீ மரியாதை தெரிஞ்சவன்."

முத்துக்கருப்பன் சோணையின் கட்டைவிரலைப் பிடித்து மையில் தோய்த்து அழுத்தினார். அப்போது சோணை என்னைப் பார்த்துச் சிரித்தான்.

"இப்ப வலி இல்லக்கா."

அய்யாவின் முகம் தெளிந்தது. "எசமான் கை ராசி," என்றார். எனக்கு நம்பிக்கை வரவில்லை. அம்புட்டு வலி சும்மா போகுமா? அவன் மூக்கு கூர்ந்துபோயிருந்தது. உள்ளங்கை ஜில்லிட்டிருந்தது.

திருமங்கலம் தாண்டும்போது தண்ணீர் கேட்டான். பசுமலைக்கு முன்னாலேயே மூச்சு நின்றுவிட்டது. வண்டியைத் திருப்பினோம். அவன் பேரும் அய்யா பேரும் எழுதிய சீட்டு அய்யாவின் மடியில் மடிப்புக் கலையாமல் இருந்தது.

செத்தாலும் விடமாட்டார்கள். ஸ்டேஷன் பதிவேட்டில் பேரை அடிக்கும்வரை அவன் ஆஜராக வேண்டியவன்தான். வரவில்லையென்றால் ஓடிப்போனான் என்று அய்யாவைப் பிடிப்பார்கள். "நான் போயி பதமாச் சொல்லிக்கிறேன் தாயி, நீ இரு," என்றார் அய்யா. நான் அவரைச் சுடுகாட்டில் மண்வெட்டியோடு விட்டுவிட்டு ஸ்டேஷனுக்குப் போனேன்.

"சோணை செத்துட்டான்," என்றேன் தமிழில். "பேரை அடிங்க."

பசுபதி நிமிர்ந்தார். "உங்கப்பனை வரச் சொல்லு."

"அவரு குழி வெட்டுறாரு. நாந்தான் சொல்றேன். அடிங்க."

முத்துக்கருப்பன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பசுபதி ஒரு நாற்காலியைக் காட்டி, "உக்காரும்மா," என்றார். நான் உட்காரவில்லை. அவர் பேனாவை எடுத்து என் தம்பியின் பேர்மேல் கோடு இழுக்கும்வரை அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றேன்.