நான்கு வேளை மாத்திரை

இயந்திரத்துக்குத்தான் கிறுக்குப் பிடித்திருக்கிறது என்று அக்கா நினைத்தாள். தம்பியின் ரத்தத்தை மறுபடியும் ஓட்டிப் பார்த்தாள். மருந்தின் அளவு அதே 0.6. எட்டு இருக்க வேண்டிய இடத்தில் ஒன்றுகூட இல்லை.

அவள் அந்த மருத்துவமனையின் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை செய்பவள். போன வருடம் தம்பிக்குத் தன் சிறுநீரகம் ஒன்றைக் கொடுத்தவளும் அவள்தான். தாயும் பிள்ளையும் ஆனாலும் வாயும் வயிறும் வேறு என்பார்கள். இவள் வயிற்றைக் கிழித்தே கொடுத்தாள். அதை அவன் உடம்பு வெளியே தள்ளிவிடாமல் இருக்கக் காலையும் இரவும் ஒரு மாத்திரை. அவனிடம் அவள் கேட்டது அவ்வளவுதான்.

வெளியே பெஞ்சில் தம்பியும் அம்மாவும் உட்கார்ந்திருந்தார்கள்.

"மாத்திரையை விட்டியாடா?"

"நேத்து ராத்திரி ஒரு வேளை மறந்துட்டேன்க்கா. சத்தியமா."

"ஒரே ஒரு வேளைதான்டி," என்றாள் அம்மா. "நான் பக்கத்துலயே இருந்தேனே."

அக்காவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. உள்ளே போய் உட்கார்ந்த பிறகுதான் மனசு உறுத்தியது. அவன் உடம்பில் அந்த மருந்து பன்னிரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை பாதியாகும். ஒரு வேளை விட்டால் எட்டு நாலாகும், அவ்வளவுதானே? 0.6 எங்கிருந்து வந்தது? கையுறைப் பெட்டியின் முதுகில் சமன்பாட்டை எழுதினாள். எட்டு, பெருக்கல், அரை, அரையின் தலைமேல் அடுக்காகத் தெரியாத எண், மறுபக்கம் 0.6. அடுக்கில் ஏறி உட்கார்ந்துகொண்டதைக் கீழே இறக்க மடக்கையை, அதாவது லாகரிதத்தை, விட்டால் வேறு வழியில்லை. எட்டை 0.6-ஆல் வகுத்தால் பதின்மூன்று சொச்சம். அதன் மடக்கையை இரண்டின் மடக்கையால் வகுத்தாள். 3.7. ஏறக்குறைய நான்கு வேளை. இன்று திங்கள் காலை; அப்படியானால் வெள்ளி இரவு போட்டதுதான் கடைசி மாத்திரை.

சனியும் ஞாயிறும் அவனுக்குக் கேரம் போட்டி. மாத்திரை போட்டால் கை லேசாக நடுங்கும். நடுங்கும் கையோடு காயைப் பாக்கெட்டில் போட முடியாது. ஒரு மரப்பலகைக்காக அவள் சிறுநீரகத்தைப் பணயம் வைத்திருக்கிறான், படுபாவி. அவனாவது விளையாட்டுப் பிள்ளை. சனி ராத்திரி "போட்டானாம்மா?" என்று கேட்டபோது, "போட்டுட்டான், நீ நிம்மதியா தூங்கு" என்று சொன்னது அம்மா. அதற்குப் பேர் துரோகம். வேறு பேர் தேடினாள், கிடைக்கவில்லை.

வெளியே வந்தாள். "நாலு வேளைம்மா."

அம்மாவின் முகம் செத்துப்போனது. "ஆசையா கேட்டான்டி. ரெண்டு நாள்தானேன்னு விட்டுட்டேன்."

"என்கிட்ட ஏம்மா மறைச்ச?"

"சொன்னா நீ விட்டிருப்பியா? எந்நேரமும் அவனைப் போலீஸ் மாதிரி விசாரிக்கிற. குடுத்தது குடுத்ததுதானே? இன்னும் அது உன்னோடதாவா இருக்கு?"

பெற்றவள் கேட்கிற கேள்வியா இது?

தம்பி தரையைப் பார்த்தபடி சொன்னான்: "டாக்டர்கிட்ட ஒரு வேளைன்னே சொல்லிடுக்கா."

ஒரு வேளை என்று சொன்னால் டாக்டர் ஒரு வேளைக்குத்தான் வைத்தியம் பார்ப்பார். சிறுநீரகம் நான்கு வேளைக்குச் சாகும். அவர்கள் எதிரிலேயே அவள் போன் செய்தாள்.

"நாலு வேளை விட்டிருக்காங்க டாக்டர். இப்பவே அட்மிட் பண்ணணும்."

"நாலா? அவங்களே சொன்னாங்களா?"

அம்மா கண்ணாலேயே கெஞ்சினாள்.

"இல்லைங்க," என்றாள் அக்கா. "வீட்டுல எனக்கு யாரும் சொல்லல. கணக்குப் போட்டுத்தான் தெரிஞ்சுக்கிட்டேன்."