உதடு தெரியாத காட்சி

லீட்ஸ் நகரத்துத் தேவாலயக் கூடம் ஒன்றில் நடிகர்கள் கோட்டைக் கழற்றாமலே ஒத்திகைக்குக் காத்திருந்தார்கள். தரையில் ஒட்டியிருந்த மஞ்சள் நாடாதான் சமையலறைச் சுவர். இரண்டு நாற்காலிகளுக்கு நடுவே விட்ட இடைவெளி கதவு. நீளமான பெஞ்சு, பாத்திரம் கழுவும் தொட்டி. வெள்ளிக்கிழமை ஸ்டூடியோவில் நிஜச் சமையலறை வந்துவிடும்.

நாடாவுக்குள் மேசையருகே உட்கார்ந்திருந்த வில்ஃப்ரட் ஆக்ராய்ட், எதிரே நின்ற ஐரீனின் உதடுகளையே பார்த்துக்கொண்டிருந்தார். பஸ் பணிமனையைப் பற்றிய அந்தத் தொலைக்காட்சித் தொடரில் பதினோரு வருஷமாக அவர் ஆல்ஃப் என்னும் மெக்கானிக். ஐரீன் ஆல்ஃபின் மனைவி. வாரத்துக்கு நாலு வசனம், சில வாரம் இரண்டு. அதற்கே மீன் கடைக்காரன், "என்ன ஆல்ஃப், இன்னிக்கு எந்த பஸ் மக்கர்?" என்று தினமும் கேட்பான்.

போன வருஷம் பாய்லர் வெடிக்கும் காட்சியில் வெடிமருந்தைக் கூடுதலாக வைத்துவிட்டார்கள். இடது காது அன்றே போயிற்று. அவர் ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டார்; கம்பெனி பழக்கூடை அனுப்பியது. வலது காதும் கொஞ்சம் கொஞ்சமாக அடைத்துக்கொண்டு வந்தது. ஒப்பந்தத்தை வருஷா வருஷம் புதுப்பிக்க வேண்டும். காது கேளாத நடிகனுக்கு யார் புதுப்பிப்பார்கள்? வீட்டில் டி.வி.யைச் சத்தமில்லாமல் வைத்து, செய்தி வாசிப்பவரின் வாயைப் பார்த்துப் பார்த்து உதடு படிக்கக் கற்றுக்கொண்டார். விஷயம் ஐரீனுக்கு மட்டும் தெரியும்.

புது டைரக்டர் ஜூலியன் லண்டனிலிருந்து வந்து சில நாட்கள்தான் ஆகியிருந்தன. அவன் நாடாவைத் தாண்டி உள்ளே வந்தான்.

"ஐரீன், நீங்க அவரைப் பார்த்துப் பேசாதீங்க. தொட்டிப் பக்கம் திரும்பி, பாத்திரம் கழுவிக்கிட்டே 'உன்னை விட்டுட்டுப் போறேன்'னு சொல்லுங்க. வில்ஃப், அவங்க கடைசி வார்த்தை விழுந்ததும் நீங்க பாயணும். ஒரு மூச்சு இடைவெளி கூட இருக்கக் கூடாது."

வில்ஃப் தலையாட்டினார். ஐரீன் ஆட்டவில்லை.

"முதுகைக் காட்டிக்கிட்டு நின்னா என் மூஞ்சி எங்கய்யா தெரியும்? இந்த மூஞ்சிக்காகத்தான் ஜனங்க டி.வி.யைப் போடறாங்க."

"கேமரா உங்களுக்கு எதிர்ல இருக்கும். முழு மூஞ்சியும் தெரியும்."

வேறு சாக்கு தேடிப் பார்த்துவிட்டு ஐரீன் தொட்டிப் பக்கம் திரும்பினாள்.

முதல் தடவை, கடைசி வார்த்தையோடு இல்லாத தட்டு ஒன்றைப் பெஞ்சில் வைப்பது போல ஐரீன் கையை இறக்கினாள். அந்த முழங்கை அசைவையே வில்ஃப் சைகையாக எடுத்துக்கொண்டார். "போறதுன்னா போ! கதவு திறந்துதான் கிடக்கு!"

"பிரமாதம்!" என்றான் ஜூலியன். "ஆனா கழுவுறது வேண்டாம், ஐரீன். சும்மா அசையாம நில்லுங்க. அப்பதான் பார்க்கறவங்களுக்கு உறைக்கும்."

இப்போது எதிரே பழுப்பு ஸ்வெட்டர் போட்ட ஒரு முதுகு மட்டும் இருந்தது. வில்ஃப் அவளுடைய வசனத்தை மனசுக்குள் சொல்லிப் பார்த்தார். முடிந்திருக்கும் என்று தோன்றியதும் கத்தினார். முதுகு திடுக்கிட்டது. அவள் இன்னும் பேசிக்கொண்டிருந்தாள்.

"மன்னிச்சுக்கோங்க. இன்னொரு தடவை."

அடுத்த முறை அவளுடைய தோள்களைக் கவனித்தார். மூச்சு ஏறியது, இறங்கியது. முடித்துவிட்டாளா, மூச்சுதான் வாங்குகிறாளா? காலரில் வியர்வை இறங்கியது. அவர் இன்னும் காத்திருந்தார்.

அப்போது ஐரீன் திரும்பினாள். அவள் உதடு அசையவில்லை. அவள் பார்வை அவருடைய தலைக்கு மேலாக, பின்னால் எங்கோ நின்றது. முகத்தில் ரத்தமே இல்லை. பக்கத்திலிருந்த உதவியாளப் பெண் குனிந்து பென்சிலைத் தேடினாள். முதுகுக்குப் பின்னால் ஏதோ சொல்லப்பட்டிருக்கிறது என்று வில்ஃபுக்குப் புரிந்தது. மெல்லத் திரும்பினார். ஒரு கை தூரத்தில் ஜூலியன் நின்றிருந்தான்.

"எத்தனை தடவை கூப்பிட்டேன் தெரியுமா? கடைசியா 'கூடத்துல நெருப்பு'ன்னு கூடச் சொன்னேன்."

"நெருப்புன்னா புகை வருமே," என்றார் வில்ஃப். "மூக்கு நல்லாத்தான் இருக்கு."



"உங்க பாய்லர்தான்யா அந்த மனுஷன் காதைத் தின்னுச்சு!" என்று ஐரீன் கத்தினாள்.

"என் பாய்லரா? அப்ப நான் இங்க இல்லவே இல்லையே," என்றான் ஜூலியன். அவன் சொன்னது உண்மைதான்.

அந்த வார ஒளிபரப்பில் ஆல்ஃப் ஆஸ்திரேலியாவிலிருக்கும் தங்கை வீட்டுக்குப் போய்விட்டதாக ஐரீன் ஒரே வரியில் சொல்லி முடித்தாள். கம்பெனி மேலாளர் வில்ஃபுக்குத் தேநீர் கொடுத்து உட்காரவைத்தார். "அடிபட்ட அன்னிக்கே சொல்லியிருந்தா ஏதாவது செஞ்சிருக்கலாம். ஒரு வருஷமா காது கேட்குற மாதிரி நடிச்சிருக்கீங்க. ரொம்ப நல்லாவே நடிச்சிருக்கீங்க."

அதன்பின் எந்த வேலையும் வரவில்லை. மீன் கடைக்காரன், "ஆஸ்திரேலியாலேருந்து எப்ப வந்தே?" என்று கேட்டுக்கொண்டிருந்தான். வசந்தம் பிறந்த பிறகு ஐரீன் வீட்டுக்கு வந்தாள். நேர் எதிரே உட்கார்ந்து, நிறுத்தி நிறுத்திப் பேசினாள்.

"ஒரு வேலை இருக்கு. முழுசாக் கேட்டுட்டுத் திட்டு. பாய்லர் வெடிச்சு ஒரு மெக்கானிக்குக் காது போகுது. கதை எழுதுறவங்களுக்கு இது ரொம்பப் பிடிச்சுப்போச்சு."

வில்ஃப் நிமிர்ந்தார். "ஆல்ஃப் திரும்பி வர்றானா?"

"இல்ல, வில்ஃப். புது ஆளு. மார்ட்டின் லேசி பண்றான். காது கேட்காதவன் எப்படிப் பார்ப்பான், எப்படி முழிப்பான்னு நீ அவனுக்குச் சொல்லிக்கொடுக்கணுமாம்."

"நிஜமாவே கேட்காதவன் நான் இருக்கேனே. என்னைப் போட்டா என்ன?"

ஐரீன் கைப்பையின் பூட்டைத் திறந்து மூடினாள். "எப்பப் பேசணும்னு உனக்குத் தெரியாதாம்."

கெட்டில் கொதித்து மூடி துள்ளிக்கொண்டிருந்தது. அவளே எழுந்துபோய் அணைத்தாள்.

வில்ஃப் போனார். மார்ட்டின் லேசி பண்பானவன். அவரை "சார்" என்றுதான் கூப்பிட்டான். கண் முதலில் உதட்டுக்கும் பிறகு கைக்கும் போவதை வில்ஃப் காட்டினார். மற்றவர்கள் சிரித்த பிறகு, ஒரு கணம் தள்ளிச் சிரிப்பதைக் காட்டினார். முதுகுக்குப் பின்னால் நடப்பதை எதிரே இருப்பவர்களின் முகத்தில் படிப்பதையும் காட்டினார். "இன்னொரு தடவை, சார்," என்று மார்ட்டின் கேட்டுக் கேட்டுப் பழகினான்.

பிறகு வில்ஃபுக்கு நாடாவுக்கு வெளியே ஒரு நாற்காலி போட்டார்கள். மார்ட்டின் உள்ளே மேசையருகே உட்கார்ந்தான். கதைப்படி ஆல்ஃபின் மனைவிதான் இந்தப் புது மெக்கானிக்கின் அக்கா; ஐரீன் அவனை நோக்கித் திரும்பினாள். அவன் அவள் முகத்தைப் பார்த்தான், புரிந்துகொண்டான், மெல்லத் தலையைத் திருப்பினான். ஜூலியன் கண்ணைத் துடைத்துக்கொண்டான். கூடம் முழுக்கக் கைகள் எழுந்து ஒன்றோடொன்று மோதுவதை வில்ஃப் பார்த்தார். ஒரு கணம் தள்ளி அவரும் தட்டத் தொடங்கினார். தேறுகிறானா என்று மார்ட்டினின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்ததால், மற்றவர்கள் நிறுத்தியதை அவர் கவனிக்கவில்லை. உதவியாளப் பெண் வந்து தோளைத் தொடும் வரை அவர் மட்டும் தட்டிக்கொண்டிருந்தார்.