எச்சில் வெளிச்சம்

என் மனைவி கோமதி என்னைப் பார்க்க வேண்டுமென்றால் நான் முக்காலியின் மேல் ஏறி நிற்க வேண்டும். அவள் கீழே நின்று, எச்சில் படாமல் தண்ணீர் குடிப்பவளைப்போல் அண்ணாந்து கண்ணை அகலத் திறப்பாள். என் நிறம் மேலிருந்து அவள் கண்ணுக்குள் விழும். இமையில் படக்கூடாது. பட்டால் எச்சில்.

ஆடி மாதத்திலிருந்து இப்படித்தான். உமிழொளி மடத்தில் அவள் சேர்ந்தது அப்போதுதான்.

மடத்தின் தத்துவம் எளியது. இலை எல்லா வெளிச்சத்தையும் விழுங்குகிறது. பச்சையை மட்டும் அதற்குப் பிடிக்காது, துப்பிவிடுகிறது. நாமோ பச்சை அழகு என்கிறோம். பார்ப்பது இலையின் எச்சிலை. தக்காளி துப்பியது சிவப்பு. வானம் துப்பியது நீலம். மொத்தத்தில் உலகம் ஒரு பஸ் ஸ்டாண்டு மூலை. கறுப்புதான் சுத்தம். அது எல்லாவற்றையும் விழுங்கிவிட்டு வாயை மூடிக்கொண்டிருக்கிறது.

எனக்கு இதில் தப்புச் சொல்லத் தெரியவில்லை. நானே சுத்தம் பார்ப்பவன். கல்யாணத்தில் பாலும் பழமும் கொடுத்தபோது தனி டம்ளர் கேட்டு வாங்கியவன். ஆனால் கட்டிய புருஷனின் முகம் எச்சிலா? அவள் ஆமாம் என்றாள்.

இன்று அவளுக்கு உமிழ்வுச் சடங்கு. அது முடிந்தால் அவள் யார் கண்ணுக்கும் தெரியமாட்டாள். அதற்குள் வீட்டுக்குக் கூட்டிவந்துவிட வேண்டும் என்று போனேன்.

வாசலில் அவள் தம்பி ஆவுடையப்பன் நின்றான். மடத்தில் அவன்தான் காரியஸ்தன். என்னைக் கண்டதும் மூக்கைப் பொத்தினான்.

"என்ன அத்தான், வெள்ளை வேட்டி கட்டிட்டு வந்திருக்கிய?"

"துவைச்சதுதான், மாப்ளே."

"வெள்ளை ஒண்ணையும் விழுங்காது. எல்லாத்தையும் வாந்தி எடுத்துக்கிட்டுல்லா நிக்கிய. சரி, பாத்து வாங்க. உள்ள பெரியவரு உலாத்துதாரு."

பெரியவர் மடத்தின் குரு. எதையுமே துப்பாத நிலையை அடைந்துவிட்டவர், அதனால் அவரைப் பார்க்க முடியாது. நடக்க நடக்கத் தாழ்வாரம் நீண்டது. பாதியில் ஏதோ என் மேல் இடித்தது. ஈரமாக இருந்தது. மயிர் இருந்தது. அது ஏப்பம் விட்டது. கத்தரிக்காய்க் கூட்டின் வாடை என் முகத்தில் அடித்தது.

"குடுத்து வச்சவரு நீங்க," என்றான் ஆவுடையப்பன்.

கைக்குட்டையால் முகத்தைத் துடைத்து, அந்தக் கைக்குட்டையையும் எறிந்தேன்.

கூடத்தில் கோமதி கிளிப்பச்சைச் சேலையில் உட்கார்ந்திருந்தாள். முன்னால் ஒரு வெண்கலக் கிண்ணம். சுற்றிலும் மடத்துக்காரர்கள் அவள் நிறம் கண்ணில் படாதபடி கறுப்புக் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"வீட்டுக்கு வா," என்றேன்.

"வந்து?"

"வந்து இரு."

"ஏங்க, நீங்க எதைப் பாத்தாலும் மூஞ்சியைச் சுளிக்கிய. நான் கண்ணுல படாம இருந்தா உங்களுக்கும் நல்லதுதான?"

"உன்னைப் பாத்து நான் சுளிச்சதில்ல."

"இப்பக்கூடச் சுளிக்கிய."

"இது கத்தரிக்காய் வாடைக்கு."

அவள் நம்பவில்லை. குனிந்து துப்ப ஆரம்பித்தாள். முதலில் சேலையின் பச்சை வந்தது. அப்புறம் கன்னத்து மஞ்சள். அப்புறம் உதட்டுச் சிவப்பு, கோழையாக நூல் விட்டுக்கொண்டு. கடைசியில் காறினாள். மோவாயில் இருந்த மச்சம் கிண்ணத்தில் விழுந்தது. அவள் இருந்த இடத்தில் வளையல் சத்தம் மட்டும் மிச்சம்.

ஆவுடையப்பன் கிண்ணத்தை என் கையில் கொடுத்தான்.

"இதை என்ன செய்ய?"

"குடிங்க. கீழ ஊத்தக் கூடாது. கட்டுனவரு விழுங்கிட்டா அக்கா நெறம் இனி யாரு கண்ணுலயும் படாது. அதான் மோட்சம்."

"அண்ணாந்து குடிக்கலாமா?"

"உதடு வச்சுத்தான் குடிக்கணும்."

வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். ஆனால் கிண்ணத்தில் இருந்தது அவள். வேறு யார் கையிலாவது கொடுக்க மனம் வரவில்லை. உதட்டை வைத்தேன். வெதுவெதுப்பாக இருந்தது. கொழகொழவென்று நாக்கின் மேல் ஏறியது. மச்சம் பல்லில் மாட்டியது. விழுங்கப் பார்த்தேன். முடியவில்லை. எதிரே, இன்னும் கறுப்படிக்காமல் விட்டிருந்த வெள்ளைச் சுவரில் மொத்தத்தையும் துப்பிவிட்டேன்.

சுவரில் கோமதி நின்றாள். சேலை மடிப்புகூடக் கலையவில்லை. ஓரங்களில் கொஞ்சம் ஒழுகினாள். என்னை நேராகப் பார்த்தாள். ஆடிக்குப் பிறகு அவள் என்னை அப்படிப் பார்த்ததே இல்லை. எனக்கு அழுகை வந்தது.

"சீ, சீ!" என்றது கூடம்.

"என்னங்க," என்று காதருகே அவள் குரல் கேட்டது. "சுவத்துல நானா?"

"ஆமா."

"எப்படி இருக்கேன்?"

"ஓரத்துல ஒழுகுத," என்றேன். பொய் சொல்ல எனக்கு வராது.

ஆவுடையப்பன் பினாயில் வாளியும் தேங்காய் நாரும் கொண்டுவந்து அவள் பாதத்திலிருந்து தேய்க்க ஆரம்பித்தான். பாதம் போயிற்று. சேலைக் கரை போயிற்று. வாளித் தண்ணீர் பச்சையாகக் கலங்கியது.

"அந்தத் தண்ணியை எங்க ஊத்துவ?"

"சாக்கடையிலதான்."

நார் இடுப்புக்கு ஏறியது. அவன் கையைப் பிடித்தேன். உதறிவிட்டுத் தேய்த்தான். பல்லைக் கடித்துக்கொண்டு சுவரில் முகத்தை வைத்தேன். நாக்கை நீட்டினேன்.

கழுத்திலிருந்து மேலே நக்கினேன். சுண்ணாம்பு எரித்தது. பினாயில் தொண்டையில் இறங்கியது. யாரோ ஏற்கெனவே சுவரில் மூக்குச் சிந்தியிருந்தார்கள், அதுவும் வந்தது. இவ்வளவு அருவருப்பு எனக்கு வாழ்நாளில் வந்ததில்லை. பின்னால் ஆவுடையப்பன் ஓங்கரிக்கும் சத்தம் கேட்டது. ஒரு சொட்டுக்கூடத் துப்பாமல் விழுங்கினேன்.

நாக்கு கன்னத்தைத் தாண்டியதும் கோமதிக்குக் கூசியிருக்க வேண்டும். சுவரில் அவள் கண்ணை மூடிக்கொண்டாள். நான் நிறுத்தவில்லை.